தட்டருகே வரும் கை: நாயின் உடைமை காக்கும் குணமும் வெகுமதிவழிப் பயிற்சியும்

சோற்றுத் தட்டு, எலும்பு, பந்து, படுக்கும் இடம் என எதையேனும் தன்வசம் வைத்திருக்கும் நாய், வேறொருவர் நெருங்கும்போது அதைப் பறிகொடுக்காதிருக்கச் செய்யும் செயல்கள் அனைத்தையும் ‘உடைமை காத்தல்’ என்ற ஒரே பெயருக்குள் அடக்கலாம். உறுமுவதும் கடிப்பதும் மட்டுமே இதில் சேரும் என்று பலரும் எண்ணுகின்றனர். ஆனால் கவ்விய பொருளோடு கட்டிலுக்கடியில் போய் ஒளிவதும், ஆள் வருவதைக் கண்டவுடன் சோற்றை மெல்லாமல் அள்ளி விழுங்குவதும், தோளால் தட்டை மறைத்துக்கொண்டு தின்பதும் இதே நடத்தையின் மென்மையான வடிவங்களேயாகும். எது உடைமை என்பதை முடிவு செய்வது நாயே. வீட்டாருக்குக் குப்பையாகத் தெரியும் கிழிந்த காலுறையோ, மீன் பொட்டலம் கட்டிவந்த தாளோ நாய்க்கு அன்றைய தினத்தின் பெருஞ்செல்வமாக இருக்கக்கூடும். ‘இதற்குப் போயா உறுமுகிறது’ என்னும் வியப்பே கடிபட்ட பலருடைய முதற்பிழை.

இக்குணம் நோயன்று, நன்றிகெட்ட தன்மையுமன்று. ஒரே ஈற்றில் பிறந்த ஐந்தாறு குட்டிகள் ஒரு தட்டைச் சுற்றி நின்று தின்னும்போது, வாயில் கிடைத்ததை விடாமல் காத்த குட்டியே வயிறு நிறைந்து வளர்கிறது. தெருவில் பிறந்து, கிடைத்த வேளைக்கு மட்டும் உண்டு வளர்ந்த நாட்டு நாய்க்கு இப்பாடம் இன்னும் ஆழமாகப் பதிந்திருப்பது இயல்பே. எனினும் பஞ்சமே அறியாமல் வளர்ந்த லாப்ரடார் குட்டியிடமும் இது தோன்றுவதால், இனத்தின்மீதோ பிறந்த இடத்தின்மீதோ பழி சுமத்துவதில் பொருளில்லை. நாய் அஞ்சுகிறது, கையிலிருப்பது போய்விடும் என்று அஞ்சுகிறது. இவ்வத்தியாயத்தில் சொல்லப்படும் பயிற்சி முழுவதும் இந்த அச்சத்தைக் குறைப்பதையே நோக்கமாகக் கொண்டது.

இதற்கு மாறான கருத்தொன்று நெடுங்காலமாக நிலவி வருகிறது. உறுமும் நாய் வீட்டில் தலைமையைப் பிடிக்க முயல்கிறது என்றும், அதை அடக்கி ‘எசமான் யார்’ என்று காட்டிவிட்டால் அடங்கிவிடும் என்றும் அக்கருத்து கூறுகிறது. கூண்டில் அடைக்கப்பட்ட ஓநாய்களைக் கவனித்து ருடால்ஃப் ஷெங்கெல் 1947இல் வெளியிட்ட ஆய்வு, ஓநாய்க் கூட்டத்தில் தலைமைக்காக ஓயாப் போட்டி நிகழ்வதாகக் காட்டியது. டேவிட் மெக் 1970இல் எழுதிய ஓநாய் பற்றிய நூல் அக்கருத்தைப் பரவலாக்கியது. பின்னர்க் காட்டிலேயே ஓநாய்களைப் பல ஆண்டுகள் பின்தொடர்ந்த அதே மெக், இயற்கையில் ஓநாய்க் கூட்டம் என்பது பெரும்பாலும் தாய், தந்தை, அவற்றின் பிள்ளைகள் அடங்கிய குடும்பமே என்றும், தலைமைக்கான போர் என்ற சித்திரம் அதற்குப் பொருந்தாது என்றும் 1999இல் எழுதித் தம் முந்தைய கருத்தைத் தாமே திருத்திக்கொண்டார். திருத்தம் நூலகங்களோடு நின்றுவிட, பழைய கருத்து மட்டும் இன்றும் வீடுவீடாகச் சுற்றி வருவது வருந்தத்தக்கது. ‘குட்டியிலேயே பழகட்டும்’ என்று, தின்றுகொண்டிருக்கும் குட்டியின் தட்டில் கைவிட்டுக் கிளறுவதும், பாதியில் தட்டைப் பிடுங்கி வைத்துக் காத்திருக்கச் செய்வதும் அக்கருத்தின் எச்சங்களே. கனடாவின் குவெல்ஃப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் நாய் வளர்ப்பவர்களிடம் நடத்தி 2018இல் வெளியிட்ட ஆய்வில், தின்னும்போது தட்டை எடுத்துவிடும் வழக்கம் மிகுதியான ஆக்ரோஷத்தோடும், தின்னும்போது சுவையான உணவைக் கூடுதலாகத் தட்டில் சேர்க்கும் வழக்கம் குறைந்த ஆக்ரோஷத்தோடும் சேர்ந்து காணப்பட்டன. எது காரணம், எது விளைவு என்பதை இத்தகைய ஆய்வு ஒன்றே முடிவு செய்துவிடாது. ஆயினும் தட்டைப் பிடுங்கிப் பழக்குவதற்கு அதில் ஆதரவு எதுவும் இல்லை.

உறுமலுக்கு முன் நடப்பவை

பயிற்சியைத் தொடங்கும் முன் வளர்ப்பவர் கற்கவேண்டிய முதல் கலை, நாயின் உடலைப் படிப்பது. அமைதியாகத் தின்னும் நாயின் உடல் தளர்ந்திருக்கும். வால் இயல்பாகத் தொங்கும் அல்லது மெல்ல அசையும். தாடை ஒரே தாளத்தில் இயங்கும். ஒருவர் நெருங்கும்போது முதலில் மாறுவது அந்தத் தாளம். சில நாய்கள் வேகத்தைக் கூட்டுகின்றன. வேறு சில, வாய் தட்டுக்குள்ளேயே இருக்க மெல்லுவதை நிறுத்திவிடுகின்றன. அடுத்துக் கழுத்து விறைக்கிறது, தலை தட்டின்மீது இன்னும் தாழ்கிறது, தலையைத் திருப்பாமல் விழியை மட்டும் ஓரத்துக்கு உருட்டிப் பார்ப்பதால் கருவிழியைச் சுற்றி வெள்ளைப் பிறை தெரிகிறது. இந்த விறைப்பு ஓரிரு விநாடிகளே நீடிக்கும். சத்தம் ஏதும் இல்லாததால் வீட்டார் இதை ‘அமைதியாக இருக்கிறது’ என்று தவறாகப் புரிந்துகொள்கின்றனர். இதன் பிறகே உதடு சுருங்கிப் பல் தெரிவதும், உறுமலும், காற்றைக் கடிப்பதும், இறுதியில் கடியும் வருகின்றன. ‘திடீரென்று கடித்துவிட்டது’ என்று சொல்லப்படும் நிகழ்ச்சிகளிற் பலவற்றில் திடீரென்று நடந்தது ஏதுமில்லை; முன்னறிவிப்புகள் வரிசையாக வந்து, படிக்கப்படாமல் போயிருக்கும்.

உறுமல் ஓர் எச்சரிக்கை மணி என்பதால் அதைத் தண்டிப்பது மிகப் பெரிய தவறாகும். அடிபட்ட நாய், தட்டருகே மனிதர் வருவதை விரும்பக் கற்பதில்லை. உறுமினால் அடி விழும் என்று மட்டுமே கற்கிறது. அச்சம் அப்படியே உள்ளே இருக்க, எச்சரிக்கை மட்டும் மறைந்துபோவதால், அடுத்தமுறை அந்நாய் உறுமாமலே கடிக்கக்கூடும். பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மெகன் ஹெரன் முதலானோர், நடத்தைச் சிக்கல்களுக்காக அழைத்து வரப்பட்ட நாய்களை வளர்ப்பவர்கள் 140 பேரின் விடைகளைத் தொகுத்து 2009இல் வெளியிட்ட ஆய்வு இதனைத் தெளிவாக்குகிறது. அடித்தல் அல்லது உதைத்தல் கையாளப்பட்ட நாய்களில் 43 விழுக்காடும், வாயிலிருந்து பொருளை வலிந்து பிடுங்க முயன்றபோது 39 விழுக்காடும், மல்லாத்திப் போட்டு அழுத்திப் பிடித்தபோது 31 விழுக்காடும் ஆக்ரோஷத்தைத் திருப்பிக் காட்டின. நாய் உறுமும்போது செய்யத்தக்கது, நின்று, அமைதியாகப் பின்வாங்கி, எந்தப் பொருளுக்காக, எவ்வளவு தொலைவில், யார் வந்தபோது உறுமியது என்பதைக் குறித்து வைப்பதே. பின்வாங்குவது தோல்வி என்ற எண்ணத்தை வளர்ப்பவர் கைவிட வேண்டும்; அக்குறிப்பிலிருந்தே பயிற்சியின் முதற்படி எங்கே தொடங்கவேண்டும் என்பது தெரியவரும்.

பயிற்சிக்கு முன் ஆயத்தம் இரண்டு வகையில் தேவை. முதலாவது மருத்துவம். பல்வலி, காதுப்புண், மூட்டுவலி ஆகியவற்றால் துன்புறும் நாய் எளிதில் சீறும். ஸ்டீராய்டு மாத்திரை உட்கொள்ளும் நாய்க்குப் பசி பெருகும். நேற்றுவரை சாதுவாக இருந்த நாய் இன்று திடீரென்று தட்டைக் காக்கத் தொடங்கினால், பயிற்சியாளரைத் தேடுவதற்கு முன் கால்நடை மருத்துவரிடம் காட்டுவதே முறை. இரண்டாவது, பயிற்சி முடியும்வரை மோதலுக்கு வாய்ப்பே தராமல் வீட்டை ஒழுங்குபடுத்துவது. செருப்பும் காலுறையும் எட்டாத உயரத்துக்குப் போகவேண்டும். குப்பைக் கூடைக்கு மூடி வேண்டும். பயிற்சி நேரம் தவிர மற்ற வேளைகளில் நாய் ஆள் நடமாட்டமில்லாத மூலையில் தனியே உண்ணவேண்டும். உறுமி ஆளை விரட்டுவதில் ஒவ்வொரு முறையும் நாய் வெற்றி பெறுகிறது. வெற்றி பெற்ற வழியை அது மறுபடியும் கையாளும். ஆகவே அத்தகைய சந்தர்ப்பம் நேராமல் பார்த்துக்கொள்வது பயிற்சியில் பாதியாகும்.

தட்டருகே பயிற்சி

இப்பயிற்சிக்கு அடிப்படையான கோட்பாடு பழமையானது. நாய்களின் செரிமானத்தை ஆராய்ந்து 1904இல் நோபல் பரிசு பெற்ற ருஷ்ய அறிஞர் இவான் பாவ்லோவ், உணவுக்கு முன் தொடர்ந்து கேட்கும் ஓர் ஒலி, நாளடைவில் உணவு வருமுன்பே நாயின் வாயில் எச்சில் ஊறச் செய்யும் என்று காட்டினார். ஒலியின் இடத்தில் மனிதரின் வருகையை வைத்தால் அதுவே இப்பயிற்சி. இதுவரை மனிதர் வந்தால் பொருள் போகும் என்று அஞ்சிய நாய்க்கு, மனிதர் வந்தால் இன்னும் நல்லது வரும் என்ற புதிய தொடர்பு ஏற்படுத்தப்படுகிறது. பழைய உணர்ச்சிக்கு எதிரான உணர்ச்சியை ஊட்டுவதால் இதனை எதிர்ப்பழக்கம் என்றும், அச்சம் எழாத தொலைவில் தொடங்கிச் சிறிதுசிறிதாக நெருங்குவதால் படிநிலைப் பழக்கம் என்றும் கூறலாம். இவ்விரண்டும் சேர்ந்தே செயல்படுகின்றன. ஒன்றை விட்டு மற்றொன்றைச் செய்தால் பலன் மிகக் குறைவு.

வெகுமதியாகத் தரப்படுவது தட்டிலுள்ளதைவிட நாய்க்கு நிச்சயமாகப் பிடித்ததாக இருக்கவேண்டும். தட்டில் வெறும் சோறோ உலர்தீனியோ இருக்க, கையில் உப்பும் காரமும் இல்லாமல் வேகவைத்த கோழி ஈரலோ, எலும்பு நீக்கிய கோழிக்கறியோ கொண்டைக்கடலை அளவுத் துண்டுகளாக இருப்பது போதும். குழம்பில் கிடந்த கறி வேண்டாம். அதிலுள்ள வெங்காயமும் பூண்டும் நாயின் சிவப்பணுக்களைச் சிதைக்கும். வெந்த எலும்பு சில்லுசில்லாக உடைந்து குடலைக் கிழிக்கும் என்பதால் அதுவும் ஆகாது. வெகுமதியின் அளவுக்கு ஏற்ப அன்றைய தீனியைக் குறைத்துக்கொண்டால் உடல் பருக்காது.

தொடக்கத் தொலைவை முடிவு செய்வதில் அவசரம் கூடாது. ஏழடியில் விறைக்கும் நாய்க்குப் பத்தடியில் தொடங்கவேண்டும். நாய் தின்னத் தொடங்கிய பின், வளர்ப்பவர் நேருக்குநேர் பாயாமல், சற்றே வளைவாக, இயல்பான நடையில் அந்தப் பத்தடிவரை வந்து, ஓர் ஈரல் துண்டைத் தட்டருகே எறிந்துவிட்டு, உடனே திரும்பிப் போய்விட வேண்டும். பேசவோ, குனியவோ, நின்று பார்க்கவோ தேவையில்லை. அரை நிமிடம் கழித்து மீண்டும் அவ்வாறே. ஒருவேளை உணவுக்குள் ஏழெட்டு வருகைகள் போதுமானவை. இங்கே வரிசை மிக முக்கியம்: முதலில் மனிதர் தோன்றவேண்டும், அதன்பின்பே ஈரல் வரவேண்டும். ஈரலை முதலில் காட்டி நாயை ஏய்த்துக்கொண்டே நெருங்கினால், நாளடைவில் ஈரல் வாசனையே ‘ஆள் வரப்போகிறார்’ என்னும் அபாய அறிவிப்பாக மாறிவிடும். போகும்போது ஈரலும் நின்றுவிடுவது பயிற்சியின் ஒரு பகுதியே. மனிதர் விலகுவது நாய்க்குச் சிறு இழப்பாகத் தோன்றத் தொடங்க வேண்டும்.

பயிற்சி பலிக்கிறது என்பதற்கான அடையாளம் தெளிவானது. காலடிச் சத்தம் கேட்டதும் நாய் தட்டிலிருந்து தலையைத் தூக்குகிறது, உடல் தளர்ந்திருக்கிறது, வாலும் இடுப்பும் சேர்ந்து அசைகின்றன, கண்கள் வருபவரின் முகத்தையும் கையையும் எதிர்பார்ப்போடு நோக்குகின்றன. சில நாய்கள் தட்டைவிட்டு ஓரடி விலகி வந்தே வரவேற்கும். இவ்வடையாளம் ஒருமுறை தோன்றினால் போதாது. தொடர்ந்து பல வருகைகளில் தோன்றிய பின்பே ஓரடி முன்னேறலாம். இவ்வாறே தட்டுக்கு அருகில் வருதல், அருகில் நிற்றல், குனிதல், தட்டுக்குள் ஈரலை இடுதல், ஒரு கையால் தட்டைத் தொட்டபடி மறு கையால் இடுதல், தட்டைச் சிறிது உயர்த்தி ஈரலை இட்டுத் திருப்பி வைத்தல் என்று படிகள் செல்லும். நிற்பதிலிருந்து குனிவதற்குச் செல்லும் படி பலருக்கும் எளிதாகத் தோன்றும். நாய்க்கோ அதுவே மிகக் கடினமான படி, ஏனெனில் தட்டைப் பறித்த கைகள் எப்போதும் குனிந்த பின்பே வந்திருக்கின்றன. அப்படியைப் பல சிறு படிகளாகப் பிரித்து, முதல் நாள் முழங்காலை மடக்குவதோடு நிறுத்திக்கொள்வது நலம். கடித்த வரலாறுள்ள நாயிடம் கையைத் தட்டருகே கொண்டுசெல்லும் படிகளை வல்லுநர் துணையின்றிச் செய்தல் கூடாது.

உறுமும் நாய்க்கு ஈரல் தந்தால் உறுமலுக்குப் பரிசளித்ததாகாதா என்ற ஐயம் எழுவது நியாயமே. பயிற்சி சரியாக நடக்கும்போது உறுமல் எழுவதே இல்லை. எழுந்துவிட்டால் தொலைவு தவறாகக் கணிக்கப்பட்டது என்பது பொருள். அப்போது விலகிச் சென்று, அடுத்த வேளை இரண்டு மூன்றடி பின்தள்ளித் தொடங்கவேண்டும். மேலும், அச்சம் என்பது உணர்ச்சி. அது பரிசு கிடைத்ததால் பெருகுவதில்லை. இருட்டைக் கண்டு அழும் குழந்தையை அணைத்துக்கொள்வதால் அதன் பயம் வளர்வதில்லையே.

ஒருவரிடம் கற்றதை எல்லாரிடமும், சோற்றுத் தட்டில் கற்றதை எலும்பிலும் நாய் தானே பொருத்திக்கொள்ளாது. தாயிடம் வாலாட்டும் நாய் மகனிடம் உறுமலாம். வீட்டிலுள்ள பெரியவர் ஒவ்வொருவரும் பத்தடியிலிருந்தே தொடங்கவேண்டும். பொருள் மாறும்போதும் அவ்வாறே. இரண்டாம் முறை படிகள் விரைவாகக் கடக்கும் என்பது ஆறுதல். முழுப் பயிற்சிக்கும் சில வாரங்கள் முதல் சில மாதங்கள் வரை ஆகலாம்.

‘விடு’ என்னும் சொல்

வாயில் கவ்விய பொருளை விடச் செய்வதற்கு மேற்கண்ட பயிற்சியோடு ஒரு சொல்லையும் கற்பிப்பது அவசியம், ஏனெனில் மாத்திரை அட்டையோ கோழி எலும்போ நாயின் வாயில் இருக்கும் நாளில் பத்தடி தொலைவிலிருந்து தொடங்க நேரமிருக்காது. நாய்க்கு அவ்வளவாகப் பற்றில்லாத ஒரு கயிறோ பந்தோ தொடக்கத்துக்கு ஏற்றது. நாய் அதைக் கவ்வியிருக்கும்போது ‘விடு’ என்று ஒருமுறை, மென்மையாகச் சொல்லி, ஒரு விநாடி கழித்து வெகுமதியை மூக்கருகே கொண்டுவர, வாய் திறந்து பொருள் விழும். வெகுமதியைத் தின்று முடித்ததும் அதே பொருளைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். இவ்வாறு திருப்பிக் கொடுப்பதையே பெரும்பாலோர் விட்டுவிடுகின்றனர். விட்டால் இரட்டிப்பாகக் கிடைக்கும் என்று நூறுமுறை கண்ட நாய், உண்மையாகவே திருப்பித் தரமுடியாத நூற்றோராவது முறையிலும் வாயைத் திறக்கும். சொல்லுக்கும் வெகுமதிக்கும் இடையேயான அந்த ஒரு விநாடி இருந்தால்தான், நாளடைவில் கை அசையுமுன் சொல்லைக் கேட்டே நாய் விடக் கற்கும். பதற்றத்தோடு கத்திக்கொண்டு துரத்துவது இதற்கு நேர்மாறான பாடத்தைத் தருகிறது: மனிதர் துரத்துமளவுக்கு மதிப்புள்ள பொருள் என்று உணர்ந்த நாய், அதை விழுங்கியே விடும்.

சோபாவையோ கட்டிலையோ காக்கும் நாயைக் கழுத்துப்பட்டையைப் பிடித்து இழுக்காமல், தரையில் தனக்கென விரித்த பாயில் வந்து படுத்தால் வெகுமதி என்று தனியே பழக்கி, பிறகு ‘இறங்கு’ என்ற சொல்லோடு சேர்த்துக்கொள்ளலாம். ஒருவரை மடியிலிருந்தபடி காத்து, மற்றவர் வரும்போது உறுமும் நாயிடம் அம்மற்றவரே வெகுமதி எறிபவராக இருக்கவேண்டும். உறுமினால் மடிக்குரியவர் எழுந்து அமைதியாக விலகிவிடுவது போதும். இரண்டு நாய்கள் உள்ள வீட்டில் தனித்தனி அறையில் தட்டு வைப்பதைவிடச் சிறந்த வழி இல்லை. நாய்களுக்குள் பகிர்ந்துண்ணும் பண்பை வளர்க்க முயல்வது வீண்வேலை.

குழந்தைகள் இப்பயிற்சியில் ஈடுபடலாகாது. தவழும் குழந்தையின் முகம் நாயின் வாய்க்கு நேர் உயரத்தில் இருப்பதாலும், விறைப்பையும் ஓரப்பார்வையையும் சிறுவர்கள் அறியமாட்டார்கள் என்பதாலும், நாய் எவ்வளவு தேறியிருந்தாலும் அது உண்ணும் நேரத்தில் இடையே ஒரு மூடிய கதவு இருக்கவேண்டும். நாய்க்கு வெறிநோய்த் தடுப்பூசி ஆண்டுதோறும் தவறாமல் போடப்பட்டிருக்க வேண்டும். பல் பட்டுவிட்டால், வீட்டு நாய்தானே என்று விடாமல், காயத்தைச் சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவிவிட்டு, அன்றே மருத்துவமனைக்குச் செல்வது கட்டாயம். மஞ்சளோ சுண்ணாம்போ காயத்தில் வைப்பது தீங்கு.

எல்லா நாய்களும் இப்பயிற்சியில் ஒரே அளவு தேறுவதில்லை. சில நாய்கள் தட்டருகே யார் வந்தாலும் வாலாட்டும் நிலைக்கு வந்துவிடும். சில நாய்கள் ஐந்தடிக்கு அப்பால் அமைதியாக இருக்கும், அதற்குமேல் வருவதில்லை. பின்னதை வைத்து வாழ்வதும் கடினமன்று: தனியறையில் தட்டு, எட்டாத உயரத்தில் செருப்பு, எலும்பே இல்லாத வீடு என்பவை போதும். வருந்தத்தக்க வகையில், உறுமிய குற்றத்துக்காக நாயைத் தொலைவில் கொண்டுபோய்த் தெருவில் விட்டுவரும் வழக்கம் இருந்துவருகிறது. தன் தட்டு பறிபோகும் என்று அஞ்சிய ஒரு விலங்கு, ஒவ்வொரு வாய்ச் சோற்றுக்கும் போராட வேண்டிய இடத்திலேயே விடப்படுகிறது. அங்கே அது கடிக்கப்போவது முன்பின் அறியாத ஒருவரையாக இருக்கும். அம்முடிவுக்கு வருமுன் கால்நடை மருத்துவரையும், தண்டனையின்றிக் கற்பிக்கும் பயிற்சியாளர் ஒருவரையும் ஒருமுறையேனும் கலந்தாலோசிக்குமாறு நாய் வளர்ப்போர் அனைவரும் கேட்டுக்கொள்ளப்படுகின்றனர்.